பின்ன வசனக் கணக்கு: பெருக்கவா, வகுக்கவா என்று தடுமாறும் பிள்ளைக்கு வீட்டிலேயே சொல்லிக்கொடுக்கும் வழி

"ஒரு வகுப்பில் உள்ள மாணவரின் ⅗ பங்கினர் பெண்பிள்ளைகள். பெண்பிள்ளைகள் 18 பேர் எனின், வகுப்பில் உள்ள மொத்த மாணவர் எத்தனை பேர்?"

போன வருடம் தவணைப் பரீட்சையில் வந்த இந்தக் கணக்குக்கு என் மகள் எழுதிய விடை 10⅘. பெருக்கலில் ஒரு பிழையும் இல்லை. 18 × ⅗ = 54/5 = 10⅘ என்று வரி வரியாக, துப்புரவாகச் செய்திருந்தாள். பெண்பிள்ளைகள் மட்டுமே 18 பேர் இருக்கிற வகுப்பில் மொத்தமே பத்துச் சொச்சம் பேர் எப்படி இருக்க முடியும் என்பது அவளுக்கு அந்த நேரம் தோன்றவில்லை. ஏன் மகள் பெருக்கினீங்க என்று கேட்டேன். "'மாணவரின்' எண்டு 'இன்' வந்திருக்கே அம்மா. 'இன்' வந்தால் பெருக்கு, 'பங்கிடு' வந்தால் வகு எண்டுதான் ரியூசன்ல சொன்னவங்க."

இரண்டு மாதக் காசு கட்டி அவள் கற்றுக்கொண்டது அந்த ஒரு வரியைத்தான். அதற்குப் பிறகு களுவாஞ்சிக்குடியில் எங்கள் வீட்டு விறாந்தையில் நானும் அவளும் மூன்று வாரம் இருந்து முதலில் இருந்து தொடங்கினோம். நான் கணித ஆசிரியை இல்லை. எங்கே இடறினோம், எது பிடிபட்டது என்பது மட்டும் தெளிவாக நினைவிருக்கிறது. முதல்முறை பிள்ளையோடு பின்னக் கணக்குக்கு உட்காரப்போகிறவர்களுக்காக அதை அப்படியே எழுதுகிறேன்.

1. தொடங்கும் முன் எடுத்துவைக்க வேண்டியவை

அரசாங்கப் பாடநூல் கட்டாயம். பிள்ளையின் இந்த வருடப் புத்தகம் மட்டும் போதாது, போன வருடப் புத்தகமும் வேண்டும். ஆரம்பப் பிரிவில் படமாகவும் "பங்காகவும்" வருகிற பின்னம், மேலே போனதும் பெருக்கல், வகுத்தல் என்ற பேரோடு வருகிறது. பிள்ளை விழுவது இந்த இரண்டுக்கும் இடையில்தான். பழைய புத்தகத்தைப் பாடசாலையில் திருப்பிக் கொடுத்திருந்தால் கவலை வேண்டாம். கல்வி வெளியீட்டுத் திணைக்களத்தின் இணையத்தளத்தில் தமிழ்மொழிப் பாடநூல்களை இலவசமாக இறக்கலாம். கல்வி அமைச்சின் ஈ-தக்சலாவ தளத்திலும் பாடங்கள் உண்டு. முழுப் புத்தகத்தையும் அச்சடிக்கப் போகாதீர்கள். பின்னம் வரும் பக்கங்களை மட்டும் போட்டோக் கொப்பி எடுத்தால் போதும்.

அடுத்தது திருத்திய பரீட்சைத் தாள். மதிப்பெண்ணைப் பார்த்ததும் கோபத்தில் கசக்கி எறிந்துவிடாதீர்கள். உங்கள் பிள்ளை எங்கே பிழைவிடுகிறது என்பதை அதைவிடத் தெளிவாகச் சொல்லும் ஆவணம் வேறில்லை.

மற்றவை: ஒரு சதுரக்கோட்டுக் கொப்பி, அடிமட்டம், இரண்டு நிறப் பென்சில், கொஞ்சம் பழைய கடதாசி, அளவுநாடா, இரண்டு மீற்றர் கயிறு. பாதி வீட்டிலேயே கிடக்கும். எல்லாவற்றையும் புதிதாக வாங்கினாலும் ரியூசன் ஒரு மாதக் காசை எட்டாது.

பிள்ளையோடு பேசும்போது பாடநூலில் உள்ள சொற்களையே சொல்லுங்கள்: மேலே இருப்பது தொகுதி, கீழே இருப்பது பகுதி, 2½ போன்றது கலப்பு எண், 5/2 போன்றது முறைமையில்லாப் பின்னம், ¾ஐத் தலைகீழாக்கினால் வரும் 4/3 அதன் நிகர்மாற்று. இந்தியாவில் இருந்து வரும் காணொளிகளில் வேறு பேர் சொல்வார்கள். கணக்கு ஒன்றுதான், ஆனாலும் புதிதாகப் படிக்கிற பிள்ளைக்கு ஒரே பொருளுக்கு இரண்டு பேர் என்பது வீண் சுமை.

2. முதல் மூன்று நாள் எழுதாமல் மடியுங்கள்

ஒரு நீட்டுக் கடதாசித் துண்டை எடுத்து நான்காக மடித்து விரியுங்கள். மூன்று பங்குக்கு நிறம் தீட்டச் சொல்லுங்கள். அது முக்கால். இனி அந்தத் துண்டை நீளப்பாட்டில் நடுவால் மடித்து, நிறம் தீட்டியதில் அரைவாசி மட்டும் மேலே தெரியும்படி பிடியுங்கள். விரித்தால் முழுத் துண்டிலும் எட்டுக் கட்டம் இருக்கும், நீங்கள் பிடித்தது அதில் மூன்று. முக்காலில் அரைவாசி ⅜. இதைச் செய்து முடிக்கும்வரை "தொகுதியைத் தொகுதியால், பகுதியைப் பகுதியால்" என்ற விதியைச் சொல்லவே வேண்டாம். மூன்றாம் நாள் பிள்ளையே சொல்லிவிடும். என் மகள் அப்படித்தான் சொன்னாள்.

நம் மொழியிலேயே இதற்கு ஒரு உதவி இருக்கிறது. "அரைக்கால்" என்று அம்மம்மாமார் சொல்வார்கள். அரை, கால் இரண்டையும் கூட்டினால் வருவது முக்கால். ஆனால் அரைக்கால் என்றால் காலில் அரைவாசி, அதாவது ⅛. அந்தச் சொல்லே ஒரு பெருக்கல்: ½ × ¼ = ⅛. மகளிடம் இதைச் சொன்ன அன்று, "அப்ப அரை அரைக்கால்?" என்று கேட்டு 1/16 வரை தானே மடித்துப் பார்த்தாள். பெருக்கினால் எண் பெருக்கும் என்ற பிடிவாதம் அந்தக் கடதாசியோடு போனது.

3. கணக்கை வாசிக்கும்போது கேட்க வேண்டிய இரண்டு கேள்வி

சொல்லைப் பார்த்துச் செய்கையைத் தீர்மானிக்கிற பழக்கத்தை விடவைப்பதுதான் இந்த மூன்று வாரத்தின் பெரிய வேலை. "இன்" பெருக்கலிலும் வரும், வகுத்தலிலும் வரும், சும்மாவும் வரும். அதற்குப் பதில் இரண்டு கேள்வி:

முதலாவது: இது எதன் பங்கு?
இரண்டாவது: தந்திருக்கும் எண் முழுமையா, பங்கா?

முழுமையைத் தந்து பங்கைக் கேட்டால் பெருக்கல். பங்கைத் தந்து முழுமையைக் கேட்டால் வகுத்தல்.

அந்த 18 பெண்பிள்ளைகளுக்குத் திரும்பி வருவோம். எதன் பங்கு? வகுப்பின் பங்கு. 18 முழுமையா, பங்கா? பங்கு. இப்போது ஒரு நீட்டுப் பெட்டி கீறி ஐந்து கட்டமாகப் பிரியுங்கள். மூன்று கட்டம் பெண்பிள்ளைகள். மூன்று கட்டத்துக்கு 18 என்றால் ஒரு கட்டத்துக்கு 6, ஐந்து கட்டத்துக்கு 30. வகுப்பில் 30 பேர். செய்கை எதுவும் எழுதாமலேயே விடை வந்துவிட்டது.

இதையே செய்கையாக எழுதினால் 18 ÷ ⅗ = 18 × 5/3 = 30. படத்தில் நாம் என்ன செய்தோம்? 3 ஆல் வகுத்தோம், 5 ஆல் பெருக்கினோம். நிகர்மாற்றால் பெருக்குவது என்பது அந்த இரண்டு வேலையும்தான். "ஏன் தலைகீழாக்க வேணும்?" என்று பிள்ளை கேட்டால் இந்தப் பெட்டியைக் காட்டுங்கள். அது விதி, பாடமாக்கு என்று சொல்லி அனுப்பிவிடாதீர்கள்.

கவனம்: "மிகுதியில்"

முதல் கேள்வியை விட்டால் பிள்ளை தப்பாமல் விழும் குழி இது. "ஒரு விவசாயி தன்னிடமிருந்த 24 புசல் நெல்லில் ⅓ பங்கை விதைக்கு ஒதுக்கினார். மிகுதியில் ¼ பங்கை விற்றார். எஞ்சியது எவ்வளவு?" பிள்ளை ⅓ + ¼ = 7/12 என்று கூட்டி, எஞ்சியது 5/12, ஆகவே 10 புசல் என்று எழுதும். ஆனால் அந்த ¼ எதன் பங்கு? 24 இன் பங்கு இல்லை, மிகுதியின் பங்கு. விதைக்கு 8 போனால் மிகுதி 16. அதில் கால் 4. எஞ்சுவது 12 புசல், மொத்தத்தில் சரி அரைவாசி.

"மிகுதி", "எஞ்சியது", "மீதி" என்ற சொற்கள் வருகிற இடத்தில் எல்லாம் அடிக்கோடு கீறி, புதிதாக ஒரு பெட்டி கீறச் சொல்லுங்கள். பழைய பெட்டியில் தொடர்ந்து நிறம் தீட்ட விடாதீர்கள்.

4. பெருக்கல்

சதுரக்கோட்டுக் கொப்பி இதற்குத்தான். "¾ ஏக்கர் தோட்டத்தில் ⅔ பங்குக்குக் கச்சான் நட்டால் கச்சான் நட்ட நிலம் எவ்வளவு?" அகலப்பாட்டில் 4 கட்டம், நீளப்பாட்டில் 3 கட்டம் உள்ள பெட்டி ஒன்று கீறுங்கள். முழுப் பெட்டியும் ஒரு ஏக்கர், 12 கட்டம். முக்காலுக்கு ஒரு நிறம், அதில் மூன்றில் இரண்டுக்கு மற்ற நிறம். இரண்டு நிறமும் விழுந்தது 6 கட்டம். 6/12, அதாவது ½ ஏக்கர்.

நம் ஊரில் காணிக் கணக்கு பேர்ச்சில் பேசுவதால் சரிபார்க்கவும் சுகம். ஒரு ஏக்கருக்கு 160 பேர்ச். முக்கால் ஏக்கர் 120 பேர்ச். அதில் மூன்றில் இரண்டு 80 பேர்ச், அரை ஏக்கரும் அதேதான். காணி உறுதியில் இருக்கிற எண்ணும் கொப்பியில் இருக்கிற எண்ணும் ஒன்றாக வருவதைப் பார்த்தால் பிள்ளைக்குக் கணக்கில் நம்பிக்கை வரும்.

கவனம்: கலப்பு எண்

ஏக்கருக்கு 2½ புசல் விதைநெல் என்றால் 1½ ஏக்கருக்கு எவ்வளவு? பெரும்பாலான பிள்ளைகள் 2 × 1 = 2, ½ × ½ = ¼, ஆகவே 2¼ என்று எழுதும். ஒரு ஏக்கருக்கே 2½ வேண்டுமே, ஒன்றரை ஏக்கருக்கு அதைவிடக் குறைவாக எப்படி வரும் என்று கேளுங்கள். பிள்ளை தானாக அழித்துவிடும். 5/2 × 3/2 = 15/4 = 3¾. முதலில் முறைமையில்லாப் பின்னமாக மாற்று, பிறகு பெருக்கு. இதில் குறுக்கு வழி தேட வேண்டாம்.

கூட்டலுக்குப் பொது மடங்குகளுட் சிறியது கண்டு பழகிய பிள்ளை பெருக்கலுக்கும் அதைத் தேடும். தேடினாலும் விடை பிழைக்காது, ஆனால் நேரம் போகும். பெருக்கலுக்கு அது தேவையில்லை என்று ஒரு தடவை சொன்னால் போதும்.

5. வகுத்தல்

நாங்கள் அதிக நாள் நின்றது இங்கேதான், ஒரு வாரத்துக்கும் மேல்.

முதல் இடறல் மொழியில் இருக்கிறது. "6ஐ அரையாகப் பிரி" என்றால் 3. "6ஐ அரையால் வகு" என்றால் 12. ஒரேயொரு உருபு வித்தியாசம். அரையால் வகுப்பது என்றால் ஆறுக்குள் எத்தனை அரை இருக்கிறது என்று எண்ணுவது. ஆறு பாணை அரை அரையாக வெட்டினால் பன்னிரண்டு துண்டு. இந்த இரண்டு வசனத்தையும் கொப்பியின் முதல் பக்கத்தில் எழுதி வைத்தோம்.

வகுத்தல் வசனக் கணக்குகள் மூன்று முகத்தோடு வரும். மூன்றையும் பிள்ளைக்கு வேறு வேறாகக் காட்டுங்கள்.

எத்தனை அடங்கும் என்பது ஒன்று. "6 லீற்றர் தயிர், ஒரு சட்டிக்கு ¾ லீற்றர், எத்தனை சட்டி?" ஆறு லீற்றரைக் கால் லீற்றராகப் பார்த்தால் 24 கால். மூன்று காலுக்கு ஒரு சட்டி, ஆகவே 8 சட்டி. 6 × 4/3 = 8. படத்தில் செய்ததும் விதியில் செய்ததும் ஒன்றுதான் என்பதை ஒவ்வொரு தடவையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள்.

ஒருவருக்கு எவ்வளவு என்பது மற்றது. "¾ லீற்றர் பாலை 3 பேருக்குச் சமமாகக் கொடுத்தால் ஒருவருக்கு எவ்வளவு?" ¾ ÷ 3 = ¾ × ⅓ = ¼ லீற்றர். எதை எதால் வகுப்பது என்று பிள்ளை குழம்புவது இதில்தான். 3 ÷ ¾ என்று போட்டால் 4 வரும். மொத்தமே முக்கால் லீற்றர், ஒருவருக்கு நாலு லீற்றர் எங்கிருந்து வரும் என்று கேளுங்கள். பங்கிடப்படும் பொருள் முதலில், பங்கின் அளவோ ஆட்களின் எண்ணிக்கையோ பிறகு.

மூன்றாவது, ஒன்றுக்கு எவ்வளவு. "அரை மணித்தியாலத்தில் ⅔ ஏக்கர் உழுதால் ஒரு மணித்தியாலத்தில் எவ்வளவு?" இதில் யாரும் பங்கிடவில்லை, ஒன்றும் அடங்கவில்லை, ஆனாலும் வகுத்தல்தான்: ⅔ ÷ ½ = ⅔ × 2 = 4/3 = 1⅓ ஏக்கர். சொல் தேடுகிற பிள்ளைக்கு இது பிடிபடவே பிடிபடாது. அரை மணிக்கு ஒரு பெட்டி கீறி, பக்கத்தில் அடுத்த அரை மணிக்கு அதே பெட்டியைக் கீறினால் உடனே தெரியும்.

தலைகீழாக்குவது இரண்டாவது பின்னத்தை மட்டும். முதலாவதைத் திருப்பினாலும், இரண்டையும் திருப்பினாலும் விடை போய்விடும். ÷ என்ற குறியை × ஆக மாற்றிய பிறகுதான் வெட்டிச் சுருக்க வேண்டும். ÷ இருக்கும்போதே ஒன்றின் தொகுதியையும் மற்றதன் பகுதியையும் வெட்டுவது என் மகளின் தாளில் மூன்று இடத்தில் இருந்தது.

6. மிஞ்சும் துண்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும்

"2 மீற்றர் கயிற்றில் இருந்து ¾ மீற்றர் நீளமான துண்டுகள் வெட்டப்படுகின்றன. எத்தனை துண்டுகள் கிடைக்கும்? மிகுதிக் கயிற்றின் நீளம் யாது?"

மகள் 2 ÷ ¾ = 8/3 = 2⅔ என்று சரியாகச் செய்தாள். பிறகு "2 துண்டுகள், மிகுதி ⅔ மீற்றர்" என்று எழுதினாள். எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. விடைப் பக்கத்தில் ½ மீற்றர் என்று இருந்தது. அச்சுப் பிழையாக்கும் என்று நினைத்தேன்.

கடைசியில் உடுப்புக் காயப்போட வாங்கி வைத்திருந்த நைலோன் கயிற்றில் இரண்டு மீற்றரை வெட்டி விறாந்தையில் நீட்டினோம். அளவுநாடாவைப் பிடித்து 75 சென்ரிமீற்றரில் ஒரு வெட்டு. இன்னும் 75இல் இன்னொரு வெட்டு. மிஞ்சியதை அவள் அளந்தாள். 50 சென்ரிமீற்றர், சரி அரை மீற்றர். "அப்ப ⅔ எங்க?" என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. மிஞ்சிய கயிற்றை வெட்டிய துண்டுக்குப் பக்கத்தில் வைத்துக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தவள், 75இல் 25க்கும் 50க்கும் விரலை வைத்து, "மூண்டில ரெண்டு, இந்தத் துண்டில மூண்டில ரெண்டு" என்றாள்.

அதுதான் விடை. 2⅔ என்பதில் இருக்கும் ⅔ மீற்றர் இல்லை, துண்டு. எஞ்சிய கயிறு ஒரு துண்டின் ⅔ பங்கு. ¾ மீற்றரில் ⅔ பங்கு ½ மீற்றர். முதல் கேள்வியே மறுபடியும் வந்து நிற்கிறது: எதன் பங்கு?

ஆகவே வகுத்தலின் விடையில் பின்னம் மிஞ்சினால் பிள்ளையை நிறுத்திக் கணக்கு என்ன கேட்கிறது என்று பார்க்க வையுங்கள். எத்தனை முழுத் துண்டு என்றால் 2. மிகுதி நீளம் என்றால் ½ மீற்றர். ஆனால் "2 லீற்றர் எண்ணெயை ¾ லீற்றர் கொள்ளும் போத்தல்களில் முழுவதும் ஊற்ற எத்தனை போத்தல் வேண்டும்?" என்றால் 3. எண்கள் மூன்றிலும் ஒன்றுதான், விடைகள் வேறு. இந்தக் கணக்குக்குக் கட்டாயம் கயிறும் அளவுநாடாவும் எடுங்கள், படம் மட்டும் போதாது.

7. விடை எழுதும் முன் ஒரு நிமிடம்

பின்னத்தைப் போடுவதற்கு முன்பே விடை கூடுமா குறையுமா என்று பிள்ளையை வாயால் சொல்லவையுங்கள். ஒன்றைவிடச் சிறிய பின்னத்தால் பெருக்கினால் குறையும், வகுத்தால் கூடும். கணக்கைச் செய்த பிறகு அந்தச் சொல்லோடு ஒத்துப் பார்க்கட்டும். இந்த ஒரு வேலையே 10⅘ பேர் இருக்கும் வகுப்பைப் பிடித்துவிடும்.

அலகையும் எழுதவேண்டும். லீற்றரா, சட்டியா, ஏக்கரா? எண்ணை மட்டும் எழுதிவிட்டு வராமல், கேள்வியின் கடைசி வரியை எடுத்து விடையை முழு வசனமாக எழுதப் பழக்குங்கள்.

8. எத்தனை நாள், எந்த நேரம்

எங்களுக்கு 3 வாரம் எடுத்தது. ஒரு நாளைக்கு 20 நிமிடத்தில் இருந்து 25 நிமிடம், அதற்கு மேல் இல்லை. மூன்றே கணக்கு, பத்து வேண்டாம். மூன்றில் ஒன்றைப் பிள்ளையே ஆக்க வேண்டும்: "⅔ × ¾ வரும்படி நம்ம வீட்டில் ஒரு கதை சொல்லுங்க மகள்." கதை சொல்லத் தெரிந்துவிட்டால் கணக்கு விளங்கிவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம். சொல்ல முடியாவிட்டால் விதி மட்டும்தான் போயிருக்கிறது, திரும்பக் கடதாசி மடிப்புக்குப் போங்கள்.

பாடசாலையால் வந்த உடனே உட்கார்த்தாதீர்கள். அந்த வெயிலில் நடந்து வந்த பிள்ளைக்கு ஒன்றும் ஏறாது. விளக்கு வைத்த பிறகு, சாப்பாட்டுக்கு முன், எங்களுக்கு ஒத்துவந்தது. கார்த்திகை, மார்கழி மழையில் வெள்ளம் வந்து பாடசாலை நடக்காத நாட்களில் இந்தப் பாடம் பாதியில் நின்றுபோகக் கூடும். அப்படி நின்றிருந்தால் பாடசாலை திறக்கும்வரை காத்திருக்காமல் வீட்டிலேயே தொடங்கிவிடுங்கள்.

தவணைப் பரீட்சைக்கு ஒரு மாதம் இருக்கும்போது தொடங்கினால் கடைசி வாரம் பழைய வினாத்தாள்களுக்கு மிஞ்சும். அந்த வாரம் நேரம் பிடித்துச் செய்ய வையுங்கள், ஆனால் பெட்டி கீறுவதை மட்டும் நிறுத்தச் சொல்லாதீர்கள். பரீட்சைத் தாளின் ஓரத்தில் பென்சிலால் சின்னதாகக் கீற அரை நிமிடம் போதும்.

மூன்று வாரத்துக்குப் பிறகும் பிள்ளை தடுமாறினால் பின்னத்தை விட்டுவிட்டு வாய்ப்பாட்டைச் சோதியுங்கள். 7ஆம், 8ஆம், 9ஆம் வாய்ப்பாடு தடக்கினால் சுருக்கும் இடத்தில் எல்லாம் நிற்கும், அது பின்னம் விளங்காதது போலவே வெளியில் தெரியும். வாய்ப்பாடும் சரியாக இருந்தால் அந்தச் சதுரக்கோட்டுக் கொப்பியை எடுத்துக்கொண்டு போய் வகுப்பு ஆசிரியரைப் பாருங்கள். "பிள்ளைக்குக் கணக்கு வராது" என்று பொதுவாகச் சொல்லாமல், "மிகுதியில் என்று வரும் கணக்கில்தான் பிழைக்கிறது", "வகுத்தலில் எது முதலில் என்று தெரியவில்லை" என்று பக்கத்தைத் திறந்து காட்டுங்கள். நான் அப்படிக் காட்டியபோது ஆசிரியர் அதே இடத்தில் இருந்து, பத்து நிமிடத்தில் மகளுக்குச் சொல்லிக்கொடுத்து அனுப்பினார்.